பிள்ளையின் கைப்பேசியில் இருக்கும் விளையாட்டு யாருடையது?





சென்ற கோடை விடுமுறையில் ஒரு நாள், அஸர் தொழுகை முடிந்து பிள்ளைகள் ஓத அமர்ந்திருந்த நேரத்தில், திருவேட்டக்குடியில் நம்மிடம் ஓதும் பத்து வயதுச் சிறுவன் ஒருவனை அவனுடைய வாப்பா அழைத்து வந்தார். அவர் கையில் ஒரு பழைய பிஸ்கட் டப்பா இருந்தது. டப்பாவுக்குள் 'பி.எஸ்.பி.' எனப்படும் கையடக்க விளையாட்டுக் கருவி ஒன்றும், உள்ளங்கையில் அடங்கும் 11 வட்டுகளும் இருந்தன. 2008-ஆம் ஆண்டு அவருடைய தந்தை ஜித்தாவிலிருந்து விடுமுறைக்கு வந்தபோது வாங்கி வந்த கருவி அது. பேட்டரி உப்பி, பின்மூடியைத் தள்ளிக்கொண்டு நின்றது. கருவி பழுதாகிப் பல ஆண்டுகள் ஆகிவிட்டனவாம்.

"இதில் நான் விளையாடியதையெல்லாம் இப்போது கைப்பேசியிலேயே விளையாட முடிகிறது, ஹஜ்ரத். ஆசைக்கு நான்தான் மகனுக்கு ஒன்றிரண்டு ஏற்றிக் கொடுத்தேன். இப்போது அவனே தேடி நாற்பது வரை இறக்கி வைத்திருக்கிறான். அவன் உம்மா ஹராம் என்கிறாள். கூடுமா, கூடாதா என்று நீங்கள் சொல்லிவிடுங்கள்" என்றார்.

நாம் உடனே பதில் சொல்லவில்லை. நாம் மாணவராய் இருந்த காலத்தில் தொலைக்காட்சியை ஷைத்தான் பெட்டி என்று மிம்பரில் முழங்கியவர்களை நாம் கண்டிருக்கிறோம். அவர்களில் சிலர் பின்னர் ரமளான் ஸஹர் நேர நிகழ்ச்சியில் அதே பெட்டிக்குள் அமர்ந்து பயான் செய்ததையும் கண்டிருக்கிறோம். ஒரு பொருள் இன்னதென்று அறியாமல் அதற்குச் சட்டம் சொல்வது ஆலிமுக்கும் அழகல்ல, கேட்பவருக்கும் பயனல்ல. எனவே இரண்டு நாள் அவகாசம் கேட்டோம்.

நம் ஊரில் என்.ஐ.டி. வளாகம் இருப்பதால் கிடைத்த நன்மைகளில் ஒன்று, ஜும்ஆவுக்கு வரும் மாணவர்களிடம் இத்தகைய விவரங்களைக் கேட்டுத் தெரிந்துகொள்ள முடிவது. அவர்களில் ஒருவர் நமக்குப் பொறுமையாக விளக்கினார். சோனி நிறுவனம் 2004 டிசம்பரில் ஜப்பானில் வெளியிட்டது பி.எஸ்.பி. உலகெங்கும் ஏறத்தாழ 8 கோடிக் கருவிகள் விற்றன. 2014-இல் அதன் விற்பனையை நிறுத்திக்கொண்டார்கள். அதன் உள்ளே இருக்கும் சில்லு பேசும் மொழி வேறு. நம் கைப்பேசியின் சில்லு பேசும் மொழி வேறு. அந்தக் காலத்தில் காரைக்காலில் பிரெஞ்சு அதிகாரிக்கும் நம்மவருக்கும் இடையில் நின்று பேச்சை மாற்றிச் சொன்ன துபாஷியைப் போல, விளையாட்டுக்கும் கைப்பேசிக்கும் நடுவில் நின்று ஒவ்வொரு கட்டளையையும் மாற்றிச் சொல்லும் மென்பொருளுக்கு 'எமுலேட்டர்' என்று பெயர். பி.எஸ்.பி.யின் முதல் மாதிரியில் நினைவகம் வெறும் 32 எம்.பி. இன்று பத்தாயிரம் ரூபாய்க் கைப்பேசியில் அதைப்போல நூறு மடங்குக்கு மேல் இருக்கிறது. ஆகவே துபாஷி வேலை எளிதாக நடந்துவிடுகிறது.

சிறுவனின் கைப்பேசியில் இருந்தது 'பி.பி.எஸ்.எஸ்.பி.பி.' என்னும் எமுலேட்டர். சுவீடன் நாட்டு நிரலாளர் ஹென்ரிக் ரிட்கார்ட் 2012 நவம்பரில் வெளியிட்டது. எவரும் அதன் நிரலைப் பார்க்கலாம், திருத்தலாம், விலையின்றிப் பயன்படுத்தலாம். அவருக்கு உதவ விரும்புவோர் காசு கொடுத்து வாங்கும் பதிப்பும் உண்டு. இரண்டிலும் வசதிகள் ஒன்றே. நாம் கவனிக்க வேண்டியது வேறொன்று: அந்த மென்பொருளோடு சோனிக்கு வெளிவந்த விளையாட்டு எதுவும் சேர்ந்து வருவதில்லை. உங்கள் சொந்த வட்டிலிருந்து நீங்களே நகல் எடுத்துக்கொள்ளுங்கள் என்றுதான் அதை உருவாக்கியவர்களும் சொல்கிறார்கள்.

இத்தகைய மென்பொருளை உருவாக்குவது தன்னளவில் களவாகாது என்பதை உலகச் சட்டமும் ஏற்றிருக்கிறது. பிளேஸ்டேஷன் விளையாட்டைக் கணினியில் ஓட்டும் மென்பொருளை கனெக்டிக்ஸ் என்ற நிறுவனம் செய்தபோது சோனி வழக்குத் தொடுத்தது. 2000-ஆம் ஆண்டு அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் கனெக்டிக்ஸ் பக்கமே தீர்ப்பளித்தது. அதே சமயம், நின்டெண்டோவின் ஸ்விட்ச் கருவிக்கான 'யூசு' எமுலேட்டரை உருவாக்கியவர்கள் மீது 2024 பிப்ரவரியில் வழக்கு வந்தது. ஒரே வாரத்தில் 24 லட்சம் டாலர் கொடுக்க உடன்பட்டு, கடையைக் கட்டிக்கொண்டார்கள். அது அப்போதும் விற்பனையில் இருந்த கருவி. பூட்டை உடைத்த நகல்கள் பெருக இந்த மென்பொருள் வழி செய்தது என்பதே நின்டெண்டோவின் குற்றச்சாட்டு. ஆக, துபாஷி குற்றவாளி அல்லர். அவர் மாற்றிச் சொல்லும் சரக்கு எங்கிருந்து வந்தது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

இனி, 'கூடுமா கூடாதா' என்று பெற்றோர் கேட்கும் கேள்விக்கு வருவோம். பெரும்பாலோர் கேட்பது விளையாடுவதைப் பற்றி மட்டுமே. அதில் நம் தீனில் நெருக்கடி இல்லை. அன்னை ஆயிஷா (ரலி) அவர்களின் பொம்மைகளுக்கிடையே சிறகு வைத்த குதிரை ஒன்று இருந்ததையும், அதைப் பற்றி அவர்கள் சொன்ன மறுமொழியைக் கேட்டு நபி (ஸல்) அவர்கள் கடைவாய்ப் பற்கள் தெரியச் சிரித்ததையும் அபூதாவூதில் காண்கிறோம். பெருநாளன்று பள்ளிவாசலிலேயே ஈட்டி விளையாடிய அபிசீனியர்களை அன்னையவர்கள் அலுக்கும்வரை பார்க்க நபியவர்கள் துணை நின்ற செய்தி புகாரியில் உண்டு. விளையாட்டைக் கண்டாலே முகம் சுளிப்பது நபிவழி அல்ல.

ஆராயாமல் தடுப்பதால் வரும் கெடுதியையும் நம் சமுதாயம் பார்த்திருக்கிறது. நின்டெண்டோவின் கையடக்கக் கருவிகளில் புகழ்பெற்ற போக்கிமான் விளையாட்டுக்கு எதிராக 2001-இல் சவூதியில் ஃபத்வா வந்தது. சூதாட்டச் சாயல் உண்டு என்பது அதில் சொல்லப்பட்ட காரணங்களில் ஒன்று. ஆனால் மக்களிடையே பரவியதோ, அதில் வரும் பெயர்களுக்கு இஸ்லாத்தை இழிவுபடுத்தும் இரகசியப் பொருள் இருக்கிறது என்ற புரளி. ஜப்பானிய மொழி தெரிந்த எவரும் அதைக் கேட்டுச் சிரிப்பார். நம் ஊர்களிலும் அது ஜெராக்ஸ் தாளாகச் சுற்றியது. பிள்ளைகள் வளர்ந்து உண்மையைத் தெரிந்துகொண்டபோது, புரளியோடு சேர்த்து ஃபத்வாவையும் ஒதுக்கிவிட்டார்கள். உண்மையான குறை எங்கே இருந்தது? ஃபயர்ரெட், எமரால்டு போன்ற பதிப்புகளில் 'கேம் கார்னர்' என்று ஒரு கூடம் வரும். அதில் நாணயம் போட்டுச் சுழற்றும் சூதாட்ட இயந்திரங்கள் வரிசையாக நிற்கும். விளையாட்டுக்குள் ஈட்டும் பணத்தை அங்கே வைத்து ஆடலாம். பிற்காலப் பதிப்புகளில் அதை நிறுவனமே எடுத்துவிட்டது. ஆனால் இன்று எமுலேட்டரில் பிள்ளைகள் தேடி ஆடுவது அந்தப் பழைய பதிப்புகளைத்தான். புரளியை விட்டு இதைப் பெற்றோருக்குச் சொல்லியிருந்தால் ஒரு பயன் இருந்திருக்கும்.

அந்தப் பிஸ்கட் டப்பாவிலிருந்த வட்டுகளையும் ஒவ்வொன்றாகக் கேட்டறிந்தோம். காட் ஆஃப் வார் ஒன்று. கிரேக்கர்களின் தெய்வக் கூட்டத்தோடு இரத்தம் தெறிக்கச் சண்டையிடுவதும், இடையே குடும்பத்தோடு பார்க்கத் தகாத காட்சியும் உள்ளது. ஜி.டி.ஏ. வைஸ் சிட்டி ஸ்டோரீஸ் மற்றொன்று. குற்றத்தொழிலே அதன் கதை. இரண்டும் பெரியவர்களுக்கு என்று உறையிலேயே அச்சிட்டு விற்கப்பட்டவை. உறையோடு வந்த வட்டில் அந்த எச்சரிக்கையாவது கண்ணில் பட்டது. கைப்பேசியில் இறங்கும் கோப்பில் உறை ஏது? பத்து வயதுப் பிள்ளைக்கு எல்லாம் ஒரே அளவுச் சிறு படங்களாகத்தான் தெரியும்.

நம்மைத் தயங்க வைத்தது இவ்விரண்டும் அல்ல, 'படபோன்' என்ற விளையாட்டு. ஒற்றைக்கண் கொண்ட சிறு கறுப்புப் பொம்மைகள் கொட்டுச் சத்தத்துக்கு ஏற்ப அணிவகுத்துச் செல்லும். பார்க்க அழகாக இருக்கும். எந்த உம்மாவும் இதைப் பார்த்துப் பயப்பட மாட்டார். ஆனால் அதில் விளையாடும் பிள்ளைக்கு என்ன வேடம் தெரியுமா? அந்தப் பொம்மைக் கூட்டம் வணங்கும் தெய்வம். புனிதக் கொட்டை அடித்து அவர்களுக்கு ஆணையிடுவது அந்தத் தெய்வத்தின் வேலை. இது கற்பனைதானே என்று சிலர் சொல்லக்கூடும். வளர்ந்த பிள்ளைக்கு அப்படி இருக்கலாம். ஆனால் தவ்ஹீதின் முதல் பாடத்தைக் கலிமாவோடு ஓதிக்கொண்டிருக்கும் வயதில் இதைக் கையில் கொடுக்க நம் மனம் ஒப்பவில்லை. இரத்தத்தைக் கண்டு அஞ்சும் நாம், வணக்கத்தைக் கண்டும் சற்று நின்று யோசிக்க வேண்டாமா?

இவ்வளவும் சொன்ன பிறகு, பலருக்கு வியப்பளிக்கும் ஒன்றையும் சொல்கிறோம். இன்று கைப்பேசியில் இலவசமாகக் கிடைக்கும் புதிய விளையாட்டுகளோடு ஒப்பிட்டால், தேர்ந்தெடுத்த பழைய கையடக்க விளையாட்டுகள் பிள்ளைகளுக்குக் குறைந்த தீங்கே செய்கின்றன. இலவசம் என்று வருபவற்றில் பலவற்றின் உள்ளே பரிசுப் பெட்டி இருக்கிறது: காசு கொடுத்துத் திறக்க வேண்டும், உள்ளே என்ன இருக்கும் என்று தெரியாது. இதைச் சூதாட்டம் என்றே கூறி பெல்ஜியம் 2018-இல் தடுத்தது. மைஸிர் என்றால் என்னவென்று ஓதிக்கொடுக்கும் நமக்கு முன்னால் ஐரோப்பிய அரசு ஒன்று முந்திக்கொண்டது. நம் நாட்டிலும் பணம் கட்டி ஆடும் இணைய விளையாட்டுகளைத் தடுத்து 2025 ஆகஸ்டில் மத்திய அரசு சட்டம் இயற்றியது. அதற்கு முன் தமிழ்நாடு 2022-இல் இயற்றிய சட்டம் புதுச்சேரியைச் சேர்ந்த நமக்குப் பொருந்தாமல் இருந்தது. பொறையாறு பக்கத்துப் பிள்ளைக்கு இருந்த காவல் பூவம் தாண்டினால் இல்லை. ஆனால் பரிசுப் பெட்டிகள் இந்தச் சட்டங்களின் கையில் அவ்வளவு எளிதாகச் சிக்குவதில்லை. பழைய பி.எஸ்.பி. விளையாட்டில் இந்தத் தொல்லை இல்லை. ஒருமுறை வாங்கியதோடு கணக்கு முடிந்தது. விளம்பரம் இல்லை, இணையம் வேண்டாம், முகம் தெரியாதவர் அழைத்துப் பேசுவதும் இல்லை.

இன்னொன்றும் உண்டு. பாங்கு சொல்லிவிட்டது, எழுந்து வா என்று உம்மா கூப்பிட்டால், "இன்னும் சேவ் பாயிண்ட் வரவில்லை உம்மா, இப்போது நிறுத்தினால் எல்லாம் போய்விடும்" என்பது அந்தக் காலக் கருவியில் பிள்ளைகள் சொல்லும் காரணமாக இருந்தது. டப்பா கொண்டு வந்த வாப்பாவே இதைச் சிரித்துக்கொண்டு ஒப்புக்கொண்டார். அந்தச் சாக்கில் தமக்குத் தப்பிய மஃரிப் ஜமாஅத்துகள் பல என்றார். எமுலேட்டரில் அந்தச் சாக்கு இல்லை. எந்த நொடியிலும், பந்து காலில் இருக்கும்போதே, கார் வளைவில் திரும்பும்போதே, அப்படியே உறையவைத்துச் சேமிக்கலாம். தொழுதுவிட்டு வந்து அதே நொடியிலிருந்து தொடரலாம். நண்பர்கள் நால்வராகச் சேர்ந்து ஆடும் இணையப் போர் விளையாட்டில் இது முடியாது. நடுவில் எழுந்தால் மற்ற மூவரும் ஏசுவார்கள். தொழுகை நேரத்தில் நிறுத்தக்கூடிய விளையாட்டு, நிறுத்த முடியாத விளையாட்டு என்று பிரித்துப் பார்ப்பதே போதுமான அளவுகோல் என்று நாம் சில பெற்றோருக்குச் சொல்லி வருகிறோம். உடல்நலம், ஓய்வு நேரம் என்ற இரு அருட்கொடைகளில் மனிதர்கள் ஏமாந்து போவதைப் பற்றிய நபிமொழியைப் பிள்ளைக்குச் சொல்ல வேண்டியது அதற்குப் பிறகு.

இனி அந்த நாற்பது கோப்புகளுக்கு வருவோம். அந்த உம்மா ஹராம் என்றது விளையாட்டை நினைத்து. நாம் அந்தச் சொல்லுக்கு அருகில் வைத்துப் பார்ப்பது அந்தக் கோப்புகள் வந்த வழியை.

'அவர்கள் காஃபிர்கள்தாமே, பெரிய கம்பெனிதானே' என்ற பேச்சு நம் இளைஞர்களிடம் சர்வ சாதாரணமாக இருக்கிறது. இதைக் கேட்கும்போதெல்லாம் நமக்கு இரண்டு நிகழ்வுகள் நினைவுக்கு வரும். தம்மைக் கொல்ல வாளோடு வீட்டைச் சூழ்ந்திருந்த மக்காவாசிகளின் அமானிதப் பொருட்களை உரியவர்களிடம் ஒப்படைப்பதற்காகவே, ஹிஜ்ரத்தின்போது அலீ (ரலி) அவர்களை நபி (ஸல்) அவர்கள் மக்காவில் விட்டுச் சென்றார்கள். மற்றது, முகீரா பின் ஷுஃபா (ரலி) அவர்களுடையது. இஸ்லாத்தை ஏற்கும் முன், தம்மோடு பயணம் செய்த சிலரைக் கொன்று அவர்களின் பொருளை எடுத்துக்கொண்டு மதீனா வந்தார். அவருடைய இஸ்லாத்தை நபியவர்கள் ஏற்றார்கள்; அந்தப் பொருளில் தமக்கு எந்தத் தொடர்பும் இல்லை என்று சொல்லிவிட்டார்கள். புகாரியில் ஹுதைபிய்யா பற்றிய நீண்ட அறிவிப்பில் இது வருகிறது. பறிகொடுத்தவர்கள் முஷ்ரிக்குகள் என்பதால் அந்தப் பொருள் ஹலாலாகிவிடவில்லை.

கையில் பிடிக்க முடியாத ஒன்று எப்படிப் பொருளாகும் என்ற கேள்வி கல்விக்குரியது, மதிக்கத்தக்கது. பழைய ஹனஃபி நூல்களில் வெறும் பயன்பாடு தன்னளவில் 'மால்' ஆகாது என்று இருப்பதால், பதிப்புரிமையை விற்பதில் முந்தைய தலைமுறை இந்திய உலமாக்கள் சிலர் தயங்கினார்கள். இக்கால ஹனஃபி அறிஞர்களில் முஃப்தி தகீ உஸ்மானி போன்றோர் அதை ஏற்றிருக்கிறார்கள். நாமோ இந்தக் கடலோரத்தில் ஷாஃபிஈ மத்ஹபைப் பின்பற்றுபவர்கள். நம் மத்ஹபில் பயன்பாடும் பொருளே. 1988 டிசம்பரில் குவைத்தில் கூடிய சர்வதேச இஸ்லாமிய ஃபிக்ஹ் அகாடமி தன் 43-ஆம் தீர்மானத்தில், நூலாக்கம், கண்டுபிடிப்பு, வணிகப் பெயர் ஆகியவற்றின் உரிமைகள் ஷரீஅத் பாதுகாக்கும் உரிமைகள், அவற்றில் அத்துமீறுவது கூடாது என்று தெளிவாகவே கூறிவிட்டது. ஹக்குல் இபாத், அதாவது அடியார்களின் உரிமை, தவ்பாவினால் மட்டும் தீர்வதில்லை. உரியவர் விட்டுக்கொடுக்க வேண்டும் என்பதை நாம் ஒவ்வொரு ரமளானிலும் சொல்கிறோம். டோக்கியோவில் இருப்பவருக்கு அது பொருந்தாது என்று எந்தக் கிதாபிலும் இல்லை.

நம் நாட்டுச் சட்டத்தையும் பார்த்தோம். 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் நாம் நினைப்பதைவிடத் தாராளமானது. முறையாக வாங்கிய தன் சொந்தப் பிரதியிலிருந்து, வணிகமின்றிச் சொந்தப் பயன்பாட்டுக்காகக் கணினி நிரலை நகல் எடுத்துக்கொள்ள 52-ஆம் பிரிவு இடம் தருகிறது. ஆனால் களவு நகல் என்று அறிந்தே ஒரு நிரலைப் பயன்படுத்துவோருக்கு 63பி பிரிவு 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 50 ஆயிரம் முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் வைத்திருக்கிறது. இலாப நோக்கம் இல்லாதபோது நீதிமன்றம் சிறையை விலக்கி, 50 ஆயிரத்துக்குள் அபராதத்தோடு நிறுத்தலாம். பத்து வயதுப் பையனைத் தேடிக் காவலர் வரப்போவதில்லை என்பது எல்லோருக்கும் தெரியும். நாம் இதைச் சொல்வது அச்சுறுத்த அல்ல. ஷரீஅத்தும் நாட்டுச் சட்டமும் ஒரே இடத்தில் கோடு போட்டிருக்கின்றன: வாங்கியவனின் நகல் வேறு, வாங்காதவனின் நகல் வேறு.

"இப்போது கடையில் விற்கவே இல்லையே, யாருக்கு நட்டம்?" என்று வாப்பா கேட்டார். வலுவான கேள்விதான். பி.எஸ்.பி. கருவியிலிருந்தே விளையாட்டு வாங்கும் வசதியையும் 2021 ஜூலையில் மூடிவிட்டார்கள். காசோடு நிற்பவனுக்கும் விற்காத பொருள் இது. ஆனால் விற்கவில்லை என்பதைச் சற்று விசாரித்துச் சொல்ல வேண்டும். டப்பாவில் இருந்த லோகோரோகோ, படபோன் இரண்டையும் 2017-இல் புதுப்பித்துப் புதிய கருவிக்கு விற்கத் தொடங்கியது சோனி. உரிமையாளர் பொருளைப் பூட்டி வைத்திருக்கிறார், எறிந்துவிடவில்லை. பூட்டிக் கிடக்கும் வீட்டில் யாரும் குடியில்லை என்பதால் நாம் குடியேறிவிட முடியுமா? சிங்கப்பூரிலும் பிரான்சிலும் இருப்பவர்களின் வீடுகள் காரைக்காலில் எத்தனையோ பூட்டிக் கிடக்கின்றன.

இதையெல்லாம் வாப்பாவிடம் சொல்லிக்கொண்டிருந்தபோது, அதுவரை பேசாமல் நின்ற சிறுவன் நம் முன்னால் இருந்த ரைஹால் பலகையைப் பார்த்துக்கொண்டே கேட்டான்: "நாம் ஓதுகிற சட்டக் கிதாபு ஜெராக்ஸ்தானே, ஹஜ்ரத்?"

வாப்பா அவனை அதட்டினார். நாம் அதட்ட வேண்டாம் என்றோம். ஆனால் பதில் நம்மிடம் இல்லை. அவன் சொன்னது உண்மை. அரபி மூலத்தை எழுதிய இமாம் வாழ்ந்தது பல நூற்றாண்டுகளுக்கு முன். அதில் யாருக்கும் தனி உரிமை கிடையாது. ஆனால் பிள்ளைகள் கையில் இருந்தது நம் காலத்தவர் ஒருவர் செய்த தமிழாக்கம், அவருடைய விளக்கக் குறிப்புகளோடு. ஒரே ஒரு நூலை வாங்கி, நான்கு ஆண்டுகளாக ஒவ்வொரு வகுப்புக்கும் நகல் எடுத்துக் கொடுத்து வந்திருக்கிறோம். தீனுக்காகத்தானே என்று அதைப் பற்றி ஒருமுறைகூட நாம் நினைத்துப் பார்த்ததில்லை. டெலிகிராமில் வரும் பயான் தொகுப்புகள், காசு கொடுக்காமல் போட்ட அரபி எழுத்துரு மென்பொருள் என்று, அன்றிரவு எண்ணிப் பார்த்தபோது பட்டியல் நீண்டது. அந்தப் பையன் களவு நகலை அவனாகக் கற்றுக்கொள்ளவில்லை. அவன் பார்த்த பெரியவர்கள் எல்லோரும், நாம் உட்பட, அப்படித்தான் செய்துகொண்டிருந்தோம்.

மறுநாள் அந்த நூலைப் பதிப்பித்தவர்களை அழைத்தோம். நூல் மறு அச்சு காணவில்லை. மொழிபெயர்த்த ஆலிம் வஃபாத்தாகிவிட்டார். உரிமை அவருடைய குடும்பத்தாரிடம் இருக்கிறது என்றார்கள். எண் வாங்கி அவருடைய மகனிடம் பேசினோம். நான்கு ஆண்டுகளில் எடுத்த பிரதிகள் 86 என்று கணக்குச் சொல்லி, மன்னிப்பும் கேட்டோம். அவர் சிறிது நேரம் பேசவில்லை. பிறகு, பிரதிக்கு 40 ரூபாய் போதும், இனி எடுப்பதற்கும் அதே கணக்கு, வாப்பாவுக்குத் துஆ செய்யுங்கள் என்றார். 3,440 ரூபாயை நாமும் நிர்வாகத்தினரும் பாதிப் பாதியாக அனுப்பினோம். இதைப் பிள்ளைகள் முன்னிலையில் சொன்னோம். அந்தச் சிறுவனின் பெயரைச் சொல்லவில்லை, அவனுக்குத் தெரியும்.

கேட்டால் தருவதற்கு ஒருவர் இருந்தார் என்பது நம் வசதி. காரைக்கால் சிறுவன் சோனி நிறுவனத்துக்கு எழுதி யார் பதில் போடப் போகிறார்கள்? இந்த ஏற்றத்தாழ்வை நாம் மறைக்கவில்லை. பழைய விளையாட்டுகளைப் பூட்டி வைத்துவிட்டு, காசோடு வருபவனுக்கும் விற்க மறுக்கும் நிறுவனங்கள் களவுக்குத் தாமே ஒரு வாசலைத் திறந்து வைக்கின்றன என்பதும் நம் கருத்தே. ஆனால் வாசல் திறந்திருப்பது வேறு, நுழைவது வேறு.

உரியவரே மனமுவந்து கொடுத்தவையும் இருக்கின்றன என்பதை நம் பிள்ளைகள் அறிவதில்லை. அந்த எமுலேட்டரைத் திறந்தால், 'ஹோம்ப்ரூ, டெமோ' என்று தனிப் பகுதி ஒன்று இருக்கிறது. ஆர்வலர்கள் தாங்களே செய்து இலவசமாகக் கொடுத்த விளையாட்டுகளை அங்கே பெறலாம். ஜப்பானியரான டைசுகே அமாயா தனியொருவராக ஐந்தாண்டுகள் உழைத்து, 2004-இல் யாரிடமும் காசு கேட்காமல் வெளியிட்ட 'கேவ் ஸ்டோரி'க்கு பி.எஸ்.பி. வடிவமும் உண்டு. என்.ஐ.டி. மாணவர் அதைச் சிறுவனுக்குக் காட்டிக் கொடுத்தார். முதல் நாள் பிடிக்கவில்லை என்றான். மூன்றாம் நாள் வேறு மாதிரி பேசினான்.

டப்பாவின் கதையையும் சொல்லிவிடுகிறோம். நாகூரில் உறவினர் வீட்டில் ஓடும் நிலையில் ஒரு பி.எஸ்.பி. இருப்பதாக அறிந்து வாப்பா அதை இரவல் வாங்கி வந்தார். மாணவரின் உதவியோடு சொந்த வட்டுகளிலிருந்தே நகல் எடுத்தார்கள். 11 வட்டுகளில் காட் ஆஃப் வார், ஜி.டி.ஏ., படபோன் மூன்றையும் வாப்பாவே ஒதுக்கி, டப்பாவோடு அலமாரியின் மேல் தட்டில் வைத்துவிட்டார். அவர் வாங்கியவைதாம், உரிமை உண்டு, மகனுக்கு இப்போது வேண்டாம் என்றார். மீதி எட்டில் ஏழு நன்றாக வந்தன. சிறுவன் இறக்கி வைத்திருந்த நாற்பதும் போயின. அழித்தது அவன்தான், ஒவ்வொன்றாக அழித்தான், உம்மா பக்கத்தில் அமர்ந்திருந்தார்.

எட்டாவது வட்டு லோகோரோகோ. கீறல் விழுந்து, எந்தக் கருவியிலும் படிக்க முடியவில்லை. அவனுக்கு மிகவும் பிடித்தது அதுதான். மறுநாள் மக்தபுக்குச் சீக்கிரமே வந்து நின்றான். "அப்பா காசு கொடுத்து வாங்கிய வட்டு இது, ஹஜ்ரத். கீறிப்போனதால்தான் நகல் வரவில்லை. இது ஒன்றை மட்டும் இணையத்திலிருந்து இறக்கிக்கொள்ளலாமா?"

பயன்பாட்டை ஒருமுறை விலை கொடுத்து வாங்கியாகிவிட்டது, கெட்டது அதைத் தாங்கிய வட்டு மட்டுமே என்று பார்த்தால், கூடும் என்ற பக்கமே நம் மனம் சாய்கிறது. ஆனால் நாட்டுச் சட்டம் சொந்தப் பிரதியிலிருந்து எடுத்த நகலைத்தான் அனுமதிக்கிறது. இறக்கப்போகும் இடமோ களவு நகல்களை அடுக்கி வைத்திருக்கும் தளம். அங்கே போய் ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு திரும்பும் வயதும் அவனுக்கு இல்லை. கிதாபுகளைப் பார்த்து வெள்ளிக்கிழமை சொல்வதாக அவனிடம் கூறியிருக்கிறோம். இந்த மஸ்அலாவில் தெளிவுள்ள ஆலிம்கள் அதற்குள் எழுதினால் நன்றியோடு ஏற்றுக்கொள்வோம். கீறிய வட்டு இப்போது நம் மேசை இழுப்பறையில்தான் இருக்கிறது.